லோவன் ஊர்க்காரர்கள் கரையேறிய கதை

ஜெசிந்தா டீச்சர் அந்த விளையாட்டை முடித்த மறுநாள் காலையில்தான் லோவன் ஊர்க்காரர்கள் மணல்குடிக் கடற்கரையில் கரையேறினார்கள். பிள்ளையை இடுப்பில் வைத்தவர்களும், கோழியைக் கக்கத்தில் இடுக்கியவர்களும், ஒன்றுமே இல்லாமல் கையைப் பிசைந்துகொண்டு வந்தவர்களுமாக, அலைக்குள்ளிருந்து ஒருவர் பின் ஒருவராக எழுந்து வந்து, நனைந்த துணியைப் பிழிந்தபடி மணலில் உட்கார்ந்தார்கள். வலை உலர்த்திக்கொண்டிருந்தவர்கள் வேலையைப் போட்டுவிட்டுத் துண்டுகளைக் கொண்டுவந்து கொடுத்தார்கள். எந்த ஊர் என்று யாரும் கேட்கவில்லை. அவர்கள் குடியிருந்த அந்தோணியார் காலனியே முன்னொரு வருஷம் கடல் வீடுகளைக் கொண்டுபோன பிறகு கட்டிக் கொடுத்த காலனிதான். தண்ணீருக்கு வீட்டைக் கொடுத்தவரிடம் ஊர் பேர் கேட்பது மரியாதை இல்லை என்பது அங்கே நடக்கப் பழகும் குழந்தைக்கும் தெரியும். முதலில் கஞ்சி, பிறகு உலர்ந்த துணி, அதற்குப் பிறகுதான் பேச்சு.

கஞ்சிப் பானையைத் தூக்கிக்கொண்டு மற்றப் பெண்களோடு கடற்கரைக்கு வந்த ஜெசிந்தாவுக்குக் கேட்க வேண்டிய தேவையே இருக்கவில்லை. அந்த முகங்களில் ஒவ்வொன்றையும் அவளுக்குத் தெரியும். கடலிலும் கரையாத மாவு படிந்த புருவத்தோடு உட்கார்ந்திருந்தவன் ரொட்டிக்கார ஓடோ. தோல் கவசம் கட்டிய பெரிய உடம்புக்காரன் கொல்லன் கார்ன். தலைமுடியைப் பிழியாமல், கடலைப் பார்க்காமல், எதிரே வருகிற ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தவள் மெர்த்தா. நேற்று மத்தியானம் வரை இவர்கள் எல்லாரும் அவள் வீட்டு டி.வி.க்குள் இருந்தவர்கள்.

ஜெசிந்தாவின் புருஷன் பெர்க்மான்ஸ் சரக்குக் கப்பலில் வேலை பார்த்தான். மகன் ஜெரோன் கோயம்புத்தூருக்குப் படிக்கப் போகும்போது தன் வீடியோ கேம் பெட்டியை டி.வி.க்குக் கீழே விட்டுவிட்டுப் போனான். தூசி தட்டுவதற்காக அதை எடுத்தவள், எப்படித்தான் இருக்கிறது என்று ஒருநாள் போட்டுப் பார்த்தாள். பால்வாடியில் பிள்ளைகளைத் தூங்கவைத்து, எழுப்பி, அனுப்பிவிட்டு வந்து, உலையை அடுப்பில் ஏற்றிவிட்டு அதன் முன்னால் உட்கார்வது என்று ஆரம்பித்து, அதுவே ஒரு வருஷத்துக்கு மேல் அவளுடைய மத்தியானமாக ஆகிப்போனது. அதில் அவள் ஆறடி உயரமும் வெள்ளைத் தலைமுடியும் உள்ள ஒரு வாள்வீரன். ஏழு நாடுகளைக் கடந்து, இருட்டுக் கோட்டையில் இருக்கிற கறுத்த ராஜாவைக் கொல்ல வேண்டும். அவனுக்கு விளையாட்டில் வாய்க்குள் நுழையாத பெயர் ஒன்று இருந்தது. அவள் வெள்ளையன் என்று வைத்துக்கொண்டாள்.

லோவன், அந்த வழியில் ஏரிக்குக் கீழே இருந்த ஊர். போகும்போதும் வரும்போதும் வெள்ளையன் அங்கேதான் தங்குவான். ஓடோ அவனுக்கு ரொட்டி கொடுப்பான். ஊரில் ஏதாவது கேட்க வேண்டியவர்களுடைய தலைக்கு மேல் மஞ்சளாக ஒரு பொறி மினுங்கும். பக்கத்தில் போனால் கேட்பார்கள். கார்ன் ஐந்து ஓநாய்த் தோல் கேட்டான். ஒரு கிழவர் ஆற்றில் விழுந்த தன் மோதிரத்தைக் கேட்டார். மெர்த்தா, மலைமேல் ஆடு மேய்க்கப் போன தன் மகள் இல்வியிடம் போய், அம்மா கூப்பிடுகிறாள் என்று சொல்லச் சொன்னாள். ஜெசிந்தா எல்லாருக்கும் சரி என்று அழுத்தினாள். சரி என்று அழுத்துவது சுலபம். பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்தாள்.

கடைசியில் கோட்டைக்குப் போக இரண்டு வழி இருந்தது. ஒன்று மலைப்பாதை, அதில் போனால் இன்னும் ஒரு மாதம் ஆகும். இன்னொன்று, ஏரியின் மதகைத் திறந்துவிட்டு, பாய்கிற வெள்ளத்திலேயே படகில் ஏறிக் கோட்டை மதில் வரைக்கும் போவது. மதகின் பக்கத்தில் வெள்ளையன் நின்றபோது திரையில் ஒரு கேள்வி வந்தது: கீழே ஊர் இருக்கிறது, திறக்கவா? அவள் சரி என்றாள். நிச்சயமாகவா என்று மறுபடியும் கேட்டது. அந்த வாரம் பெர்க்மான்ஸ் லீவில் வருவதாக இருந்தது. அவன் வந்துவிட்டால் விளையாட முடியாது, அதற்குள் முடித்துவிட வேண்டும். அடுப்பில் குழம்பு வேறு கொதித்துக்கொண்டிருந்தது. சரி என்றாள். ஊர் மூழ்கியதைத் திரையில் காட்டவில்லை. தண்ணீரைத்தான் காட்டியது, அதுவும் சூரியன் பட்டு அழகாக இருந்தது. சாயங்காலத்துக்குள் கறுத்த ராஜா செத்துப்போனான். பெர்க்மான்ஸ் போனில் கூப்பிட்டு, கப்பலில் ஆள் குறைவு, லீவைத் தள்ளிவிட்டார்கள் என்றான்.

மகனிடம் சொன்னபோது அவனுக்குத் தாங்க முடியாத சந்தோஷம். "எம்மா, நெசமாவே முடிச்சிட்டியா? என் ஃபிரெண்ட்ஸே பாதிப் பேரு முடிக்கல!"

"இனிமே அவ்வளவுதானா, மக்கா?"

"அதெப்படி? முடிச்ச பிறகுதான் நெறய இருக்கு. குதிரைய எடுத்துட்டு எங்க வேணும்னாலும் சுத்தலாம். தூண்டில் போடலாம், வீடு கட்டலாம். விட்டுப்போன வேலையெல்லாம் ஒண்ணொண்ணா செய்யலாம். இல்லன்னா அதே வாளோட முதல்லேர்ந்து ஆரம்பிக்கலாம்."

"லோவன்ல விட்ட வேலை?"

"மதகைத் தொறந்துட்டியா? அப்ப அது போச்சு. அந்த ஊரே இருக்காது."

அந்த ஊர்தான் மறுநாள் காலையில் மணலில் உட்கார்ந்து கஞ்சி குடித்தது.

கடலையே விழுங்கிக்கொண்டு வந்ததாலோ என்னவோ, மணல்குடிப் பேச்சு அவர்கள் வாயில் உப்பைப்போல ஒட்டியிருந்தது. ஆனால் ஆளுக்கு இரண்டு மூன்று வாக்கியத்துக்கு மேல் பேசத் தெரியவில்லை. ஓடோ எதைக் கேட்டாலும், "இப்பத்தான் சுட்டது, சூடா இருக்கு," என்றான். கிழவர், "மழை வரும்போலிருக்கு," என்றார். காலனிக்கு இது பெரிய விஷயமாகப் படவில்லை. "எங்க வீட்டுக்காரரு கல்யாணம் ஆன நாள்லேர்ந்து நாலே நாலு பேச்சுத்தான் பேசுதாரு, அதை வச்சு நான் மூணு பிள்ள பெத்துட்டேன்," என்றாள் பக்கத்து வீட்டு பிலோமி. பங்குச்சாமி கோயில் ஹாலைத் திறந்துவிட்டார். கொஞ்ச நாளில் ஓடோ பஸ் ஸ்டாண்டு பேக்கரியில் மாவு பிசையப் போனான். அவன் சுட்ட பன்னை வாங்க அடுத்த ஊரிலிருந்து ஆள் வந்தது. கார்ன் படகு இன்ஜினைக் கழற்றிப் பூட்டப் பழகினான். லோவன் ஆண்களைக் கடலுக்குக் கூட்டிப்போனவர்கள், ஒருதடவை மூழ்கியவனுக்குக் காற்றைப் பார்த்துப் பயம் இல்லை என்று ஆச்சரியப்படாமல் சொல்லி, பங்கு மீனைச் சமமாகப் பிரித்துக் கொடுத்தார்கள்.

தலைக்கு மேல் மினுங்கிய மஞ்சள் பொறியும் அப்படியே பழகிப்போனது. கரண்டு போனால் பொறி உள்ளவர்களைப் பக்கத்தில் உட்காரவைத்துப் பெண்கள் அரிசி புடைத்தார்கள். அது வெளிச்சத்துக்கு மட்டும் இல்லை, மனசில் ஒரு குறை இருப்பதற்கு அடையாளம் என்று முதலில் கண்டுபிடித்தவள் பிலோமிதான். கண்டுபிடித்த பிறகு காலனி சும்மா இருக்கவில்லை. கார்ன் கேட்ட ஓநாய்த் தோலுக்குப் பதிலாகக் கறிக்கடையிலிருந்து ஐந்து ஆட்டுத் தோல் கொண்டுவந்து கொடுத்தார்கள். அவன் தடவிப் பார்த்து, முகர்ந்து பார்த்து, கொஞ்சம் யோசித்து, தலையை ஆட்டினான், பொறி அணைந்தது. கிழவருக்குத் திருவிழாக் கடையில் ஒரு மோதிரம் வாங்கி, ஆற்றில் கிடைத்தது என்று சொல்லிப் போட்டுவிட்டார்கள். அவருக்குத் தெரிந்துதான் இருக்க வேண்டும், ஆனாலும் அழுதார். ஜெசிந்தா ஒரு வருஷத்துக்கு மேலாகச் செய்யாமல் விட்ட வேலைகளை, அது யார் விட்ட வேலை என்றே தெரியாத ஜனங்கள் ஒவ்வொன்றாகச் செய்து முடித்துக்கொண்டிருந்தார்கள்.

அவளும் சும்மா இருக்கவில்லை. பால்வாடியில் மத்தியானத்துக்கு மேல் லோவன்காரர்களை உட்காரவைத்து வார்த்தை சொல்லிக்கொடுத்தாள். பசிக்குது, வலிக்குது, வேண்டாம், போதும், எனக்கு இது பிடிக்கல. அவர்கள் பிள்ளைகளுக்குப் பக்கத்தில் கால் மடக்கி உட்கார்ந்து திருப்பிச் சொன்னார்கள். மெர்த்தாவைத் தன் வீட்டுப் பின்னறையில் தங்கவைத்துக்கொண்டாள். டி.வி.யின் மேல் ஒரு போர்வையைப் போட்டு மூடினாள். "டீச்சர் மனசு யாருக்கு வரும்?" என்று காலனி பேசிக்கொண்டது. குழாயடியில் யாராவது அவளுக்கு முதலில் குடம் வைக்க இடம் விட்டால், வேண்டாம் என்று கடைசியில் போய் நின்றாள். அதற்கும் பாராட்டினார்கள்.

ஒருநாள் வீட்டில் ஆள் இல்லாத நேரத்தில் போர்வையை விலக்கி, முதலிலிருந்து ஆரம்பிக்கலாம் என்று பெட்டியைப் போட்டாள். புதிதாக ஆரம்பித்தால் லோவன் அங்கே முழுசாக இருக்கும், இந்தத் தடவை மலைப்பாதையில் போய்விடலாம். பழையது எல்லாம் அழிந்துவிடும், சம்மதமா என்று திரை கேட்டது. பழையது என்றால் எது? தெருவில் ஓடோ யாருக்கோ பன் கொடுத்துவிட்டு, இப்போதுதான் கற்றுக்கொண்ட பேச்சில், "நாளைக்கு வாரேன், மைனி," என்று சொல்லிக்கொண்டு போனான். ஜெசிந்தா பெட்டியை அணைத்துவிட்டு டி.வி.யை மறுபடியும் மூடினாள்.

எல்லாருடைய பொறியும் அணைந்த பிறகும் மெர்த்தாவுடையது மட்டும் எரிந்தது. "என் மக மலைமேல இருக்கா. அம்மா கூப்பிடுதான்னு சொல்லுவீங்களா? நான் காத்திருக்கேன்." கரையேறியபோது அவளிடம் இருந்தது இவ்வளவுதான். ஜெசிந்தாவிடம் சரளமாகப் பேசக் கற்றுக்கொண்ட பிறகும் பெரும்பாலும் முதலில் இதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றதைச் சொன்னாள். காலனி கூடிப் பேசியது. மலை என்றால் குற்றாலம்தான் என்று முடிவு செய்து, ஒரு வேன் பிடித்து, புளிச்சோறு கட்டிக்கொண்டு, மெர்த்தாவை முன்சீட்டில் உட்காரவைத்துக் கூட்டிப்போனார்கள். அருவிக்கு மேலே பாறை பாறையாக நின்று, இல்வீ, இல்வீ என்று எல்லாரும் தொண்டை கட்டும்வரை கூப்பிட்டார்கள். குரங்குகள் எட்டிப் பார்த்தன. கூட வந்திருந்த ஜெசிந்தாவும் கூப்பிட்டாள். அங்கே இல்வி இல்லை என்பது அந்தக் கூட்டத்தில் தனக்கு ஒருத்திக்குத்தான் தெரியும் என்று தெரிந்துகொண்டே, எல்லாரையும்விடச் சத்தமாகக் கூப்பிட்டாள். திரும்பி வரும்போது மெர்த்தா ஒவ்வொருவர் கையையும் பிடித்து நன்றி சொன்னாள். ஜெசிந்தாவின் கையைக் கொஞ்சம் கூடுதல் நேரம் பிடித்தாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் மெர்த்தா மாதா சுரூபத்துக்கு முன்னால் ஒரு மெழுகுதிரி ஏற்றுவதை ஜெசிந்தா பார்த்தாள்.

"மகளுக்கா?" என்று கேட்டாள்.

"இல்ல, டீச்சர். அந்த வெள்ளத்தலைக்காரருக்கு." மெர்த்தா தீக்குச்சியை ஊதி அணைத்தாள். "நல்ல மனுசரு. எங்க ஊருக்கு வந்தா எல்லார் வீட்டு வாசல்லயும் நின்னு கேப்பாரு. நான் சொன்னதும் சரின்னாரு. அந்தக் கறுத்த ராசா மதகைத் தொறந்தப்போ அவரும் எங்கயோ தண்ணியில மாட்டியிருப்பாரு. இல்லன்னா வந்திருப்பாரு. பாவம், அவருக்கும் ஒரு தாய் இருப்பாள்ல?"

ஜெசிந்தா கோயில் பெஞ்சில் உட்கார்ந்தாள். வெளியே பிலோமி வீட்டுக்குப் போகலாமா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். நீ போ, அக்கா, என்று சொல்லி அனுப்பிவிட்டு, மெர்த்தாவைக் கையைப் பிடித்து வீட்டுக்கு இழுத்து வந்து, அடுப்படியில் வைத்துச் சொன்னாள்.

"கறுத்த ராசா தொறக்கல, மெர்த்தா. அந்த வெள்ளத்தலைக்காரன்தான் தொறந்தான். அது நான்."

மெர்த்தாவுக்குப் புரியவில்லை. ஜெசிந்தா மறுபடியும் சொன்னாள், டி.வி., பெட்டி, மத்தியானம், படகு, எல்லாவற்றையும் சொன்னாள். நீண்ட நேரம் சொன்னாள். சொல்லச் சொல்ல மெர்த்தா அவள் முகத்தைப் பார்ப்பதை நிறுத்திவிட்டு அவள் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தெரியாம தொறந்தீங்களா?"

"இல்ல. கீழ ஊர் இருக்குன்னு அது சொல்லுச்சு. ரெண்டு தடவ கேட்டுச்சு."

"ரெண்டு தடவ."

"ஆமா."

"எதுக்கு?"

பெர்க்மான்ஸ் வருவதாக இருந்தது என்று சொல்ல வாயைத் திறந்தாள். அது அவளுக்கே கேட்கச் சகிக்காது என்று தோன்றியது. "சீக்கிரம் முடிக்கணும்னு," என்றாள்.

மெர்த்தா அழவில்லை, ஏசவில்லை. ஏசுவதற்கான வார்த்தைகளை ஜெசிந்தா அவளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கவில்லை. வாசல் பக்கம் போய், திரும்பி வந்து, மறுபடியும் போய், திரும்பி வந்து நின்றாள்.

"என் மக எங்க?"

"அவ மலைமேலதான் இருக்கா. தண்ணி அங்க ஏறல."

"காட்டு."

அதுவரை எல்லாரையும் நீங்க என்று பேசியவள் முதல்தடவையாக அப்படிச் சொன்னாள். ஜெசிந்தா போர்வையை எடுத்துப் போட்டாள். திரையில் வெள்ளையன் தன் குதிரையோடு நின்றுகொண்டிருந்தான். அவனைப் பார்த்ததும் மெர்த்தா ஒரு எட்டுப் பின்னால் போய்ச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். பிறகு மெதுவாகத் தரையில் உட்கார்ந்தாள்.

ஜெசிந்தா குதிரையை ஓட்டினாள். கறுத்த ராஜா செத்த பிறகு அந்த நாட்டில் வழிமறிக்க யாரும் இல்லை. கதவெல்லாம் திறந்து கிடந்தது, சத்திரங்களில் பாட்டுச் சத்தம் கேட்டது, அங்கங்கே ஜனங்கள் வெள்ளையனைப் பார்த்துத் தொப்பியைக் கழற்றினார்கள். லோவன் இருந்த இடத்தில் தண்ணீர் அசையாமல் கிடந்தது. மலைப்பாதையில் ஏறி, பைன் மரக்காட்டைத் தாண்டி, புல்வெளிக்கு வந்தபோது, பாறைமேல் கம்பை மடியில் வைத்துக்கொண்டு ஒரு சின்னப் பெண் உட்கார்ந்திருந்தாள். சுற்றி ஆடுகள் மேய்ந்துகொண்டிருந்தன. மெர்த்தா டி.வி.க்குப் பக்கத்தில் போய்க் கண்ணாடியில் கையை வைத்தாள்.

"இல்வீ."

திரைக்குள் அந்தக் குரல் போகவில்லை. வெள்ளையன் பக்கத்தில் போனதும் இல்வி எழுந்து நின்றாள். "அம்மா அனுப்பிச்சாங்களா?" என்று கேட்டாள். கீழே இரண்டு பதில் வந்தது. ஆமாம். இல்லை.

சரி, இவ்வளவு நாளாகச் செய்யாததை இப்போதாவது செய்துவிடலாம், இவளைத் தாயிடம் சேர்த்துவிட்டால் பாதியாவது தீரும் என்று ஜெசிந்தாவின் விரல் ஆமாம் என்பதன் மேல் போனது. மெர்த்தா அவள் கையைப் பிடித்தாள்.

"ஆமான்னா என்ன ஆகும்?"

"உன் பிள்ள இவன் பின்னாலயே வருவா. நாம கூட்டிட்டுப் போகலாம்."

"எங்க?"

ஜெசிந்தா யோசித்தாள். வீட்டில் கொண்டுபோய் விட வேண்டும். வீடு ஏரிக்கு அடியில் இருந்தது. "தண்ணிக்கரைக்கு," என்றாள். "நீங்க எல்லாரும் வந்த மாதிரி அவளும் இங்க கரையேறிருவா. ஏறுவான்னு நினைக்கேன்."

"நினைக்கியா?"

ஜெசிந்தா விரலை எடுக்காமல் திரையைப் பார்த்தாள்.

"எம் பிள்ளைய நடத்திக் கூட்டிட்டுப் போயி அந்தத் தண்ணியில எறக்கச் சொல்லுத," என்றாள் மெர்த்தா. குரல் உயரவில்லை. "நாங்க எப்படி வந்தோம்னு உனக்குத் தெரியுமா? மூச்சு முட்டுறது எப்படி இருக்கும்னு தெரியுமா? அதுலேர்ந்து கைய எடு."

ஜெசிந்தாவின் கையிலிருந்து விளையாட்டை இயக்கும் கருவியை வாங்கி, எந்தப் பித்தான் எதற்கு என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, மெர்த்தா இல்லை என்பதை அழுத்தினாள். ஜெசிந்தா அந்தப் பதிலை இதுவரை யாரிடமும் அழுத்தியதில்லை. என்ன வரும் என்று அவளுக்கும் தெரியாது. இல்வி கொஞ்ச நேரம் வெள்ளையனை ஏற இறங்கப் பார்த்தாள்.

"அப்ப நான் இங்கயே இருக்கேன். எங்கம்மா வருவாங்க," என்று சொல்லிவிட்டுப் பாறைமேல் மறுபடியும் உட்கார்ந்தாள்.

மெர்த்தா அப்போதுதான் அழுதாள்.

அன்று சாயங்காலமே தன் துணிகளை எடுத்துக்கொண்டு பேக்கரிக்குப் பின்னால் இருந்த அறைக்குப் போய்விட்டாள். அவள் யாரிடமும் எதையும் சொல்லவில்லை. ஜெசிந்தாதான் மறுநாள் கோயில் ஹாலில் எல்லாரையும் கூட்டி வைத்துச் சொன்னாள். கடைசியில் லோவன் கிழவர் மட்டும் எழுந்து, "மழை வரும்போலிருக்கு," என்று சொல்லிவிட்டு வெளியே போனார். அதற்குப் பிறகு ஓடோ அவளுக்கு வேறொரு ஆளிடம்தான் பன் கொடுத்து அனுப்பினான். கார்ன் அவளைக் கண்டால் தெருவின் மறுபக்கம் போனான். லோவன் பிள்ளைகளைப் பால்வாடிக்கு அனுப்புவதைக் கொஞ்ச நாள் நிறுத்தியிருந்து, பிறகு பங்குச்சாமி சொன்னதால் அனுப்பினார்கள். குழாயடியில் அவளுக்கு யாரும் இடம் விடவில்லை. பிலோமி மட்டும் ஒருநாள் அவள் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துவிட்டு, "ஏட்டி, என்ன காரியம் செஞ்சிட்ட!" என்றாள். அப்படி ஒருத்தி கேட்டது ஜெசிந்தாவுக்குக் கொஞ்சம் மூச்சு விட்ட மாதிரி இருந்தது.

மெர்த்தா தினமும் மத்தியானம் வந்தாள். பால்வாடி விட்டு ஜெசிந்தா வீட்டைத் திறக்கும்போது படியில் உட்கார்ந்திருப்பாள். உள்ளே வருவாள், டி.வி.க்கு முன்னால் உட்கார்வாள், டீச்சர் என்று கூப்பிட மாட்டாள், பெயரையும் சொல்ல மாட்டாள். ஜெசிந்தா பெட்டியைப் போட்டுப் புல்வெளிக்குப் போவாள். இல்வி ஆட்டை ஓட்டுவாள், கம்பைச் சுழற்றுவாள், சில நாள் வாய்க்குள் ஏதோ பாடுவாள். மெர்த்தா பார்த்துக்கொண்டே இருப்பாள். சில நாள் பின்னல் சரியில்லை என்பாள். ஒருநாள் சட்டை கிழிந்திருக்கிறது என்று பதறினாள். அது முதலிலிருந்தே அப்படித்தான் என்று ஜெசிந்தா சொன்னாள்.

திரைக்குள் பனி விழுந்தது, விட்டது. பெர்க்மான்ஸ் லீவில் வந்து, வீட்டுக்குள் ஒரு அந்நியப் பெண் உட்கார்ந்திருப்பதையும் தன் மனைவி அவளுக்குப் பின்னால் நின்றுகொண்டே விளையாடுவதையும் பார்த்து, விவரம் கேட்டு, வெளியே போய் உட்கார்ந்தான். மறுபடியும் கப்பலுக்குப் போனான். முடித்த பிறகு என்ன செய்யலாம் என்று மகன் சொன்னதில் எதையும் அவள் செய்யவில்லை. தூண்டில் போடவில்லை, வீடு கட்டவில்லை. வெள்ளையன் தன் வாளோடு அந்தப் புல்வெளியிலேயே நின்றான். கை மரத்துப்போனால் ஜெசிந்தா கருவியை மறு கைக்கு மாற்றிக்கொள்வாள்.

ஒருநாள் மத்தியானம், இல்வி பாறைக்குக் கீழே உட்கார்ந்து ஒரு குட்டி ஆட்டை மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தபோது, மெர்த்தா முன்னால் சாய்ந்து, கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள்.

"அவனைக் கொஞ்சம் தள்ளி நிக்கச் சொல்லு," என்றாள். "பிள்ளை மேல நிழல் விழுது."

ஜெசிந்தா வெள்ளையனை நகர்த்தினாள். ஒரு எட்டு நகர்த்திவிட்டு மெர்த்தாவின் முகத்தைப் பார்த்தாள். போதாது என்று மெர்த்தா கையைக் காட்டினாள். இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று, ஜெசிந்தா புல்வெளியின் ஓரத்துக்கே கொண்டுபோய் அவனை நிறுத்தினாள். வெயில் இல்வியின் தலைமுடியில் பட்டது.